கீழத்துறை நியாயம்

கோல் இடிக்கிறதா அக்கா? ஜன்னல் பக்கமாகச் சாய்த்துக்கொள்கிறேன். இது வெறும் கம்பு இல்லை, ஆற்றில் ஆழம் பார்க்கிற கோல். சிவப்பும் வெள்ளையுமாக அளவு போட்டிருக்கிறது பாருங்கள். கண்டக்டர் இதற்குத் தனி டிக்கெட் போடுவேன் என்றார். எந்த விதிப்படி என்று கேட்டேன். விதியைக் காட்டுங்கள், வாங்கிக்கொள்கிறேன் என்றேன். 'உக்காரு தாயி' என்று சொல்லிவிட்டு முன்னால் போய்விட்டார். அவ்வளவுதான் விஷயம். வாயைத் திறந்து கேட்டால் நியாயம் கிடைக்கும், திறக்காவிட்டால் கிடைக்காது. இது சாத்தாங்கடவுப் பெண்களுக்குப் புரியவில்லை. அதுதான் எனக்கு வருத்தம். வருத்தம்கூட இல்லை, கோபம்.

அம்பாசமுத்திரம் வரைக்கும் போகிறீர்களா? அப்படியானால் நேரம் இருக்கிறது.

நான் பல்கலைக்கழகத்தில் புவியியல் ஆராய்ச்சி செய்கிறேன். மேற்கு மலையிலிருந்து இறங்கித் தாமிரபரணியில் சேருகிற சிற்றாறு, ஓடை எதையும் விடாமல் கரையோடு நடந்து பார்ப்பதுதான் என் வேலை. எங்கே அகலம், எங்கே ஆழம், எங்கே மணலை அள்ளிவிட்டுக் குழியாக்கியிருக்கிறார்கள், எல்லாம் பார்க்க வேண்டும். கேட்கச் சுகமாக இருக்கும். நடந்து பாருங்கள். வரைபடத்தில் கரை என்று ஒரு கோடு இருக்கும், போய்ப் பார்த்தால் அங்கே ஒருவர் வாழை வைத்திருப்பார். இது ஆற்றுப் புறம்போக்கு என்று அவருக்கு விளக்கி முடிப்பதற்குள் வெயில் ஏறிவிடும். அதைத் தாண்டினால் தாழம்புதர். அதையும் தாண்டினால் அட்டை. வாழைக்காரரிடமாவது விளக்கலாம், அட்டையிடம் என்ன விளக்குவது?

பெயர் கேட்டாலும் சண்டைதான். ஒரே ஓடைக்கு வடகரையில் ஒரு பெயர், தென்கரையில் ஒரு பெயர். எது சரி என்று கேட்டால், அதுவரை பேச்சுவார்த்தையே இல்லாத இரண்டு கரைக்காரர்களும் ஒன்று சேர்ந்துகொண்டு, 'ஒனக்கு எதுக்கு அது?' என்பார்கள்.

அந்த வரிசையில் கடைசி ஆறு வேங்கையாறு. அது மலையை விட்டு இறங்கியதும் வருகிற முதல் ஊர் சாத்தாங்கடவு. ஊர்த்தலைவர் வெள்ளைப்பாண்டி அண்ணாச்சி என்னைச் சொர்ணத்தக்கா வீட்டில் தங்க வைத்தார். சொர்ணத்தக்காவுக்கு நாற்பது வயதிருக்கும். வீட்டுக்காரர் பெயர் சுடலைக்கண்ணு, கொஞ்சம் வயல், கொஞ்சம் வாழை. ஒரே மகள் தங்கமாரி, பன்னிரண்டாம் வகுப்பு முடித்தவள். அவளுக்கு நர்ஸ் படிக்க ஆசை. நாகர்கோவிலில் இருக்கிற தாய்மாமன் அங்கே ஒரு கல்லூரியில் இடமே வாங்கிவிட்டார். இது சுடலைக்கண்ணு அண்ணாச்சிக்குத் தெரியாது. அவர் மகளைப் புளியங்குடியில் தன் தங்கை மகனுக்கு ஆவணியிலேயே கட்டிக் கொடுத்துவிட வேண்டும் என்று நின்றார். வீட்டில் யாரும் இதைப் பற்றி வாய் திறப்பதில்லை. நான் போன அன்றைக்கே அடுப்படியில் வைத்து அக்கா எல்லாவற்றையும் சொல்லி, 'வெளிய மூச்சு விட்ராத' என்று கையைப் பிடித்துக்கொண்டார். என் முகத்தைப் பார்த்தாலே எல்லோருக்கும் நம்பிக்கை வந்துவிடும்.

சரி, ஆற்றுக்கு வருகிறேன். ஓட்டத்தின் வேகத்தை எப்படிப் பார்ப்பது தெரியுமா? மிதக்கிற பொருள் ஒன்றை மேலே விட்டு, கீழே வந்து சேருகிற நேரத்தைப் பார்க்க வேண்டும். பாதி மூழ்கிப் பாதி மிதந்தால் நல்லது, காற்று தள்ளாது. புத்தகத்தில் ஆரஞ்சுப் பழம் என்று போட்டிருக்கிறது. சாத்தாங்கடவில் ஆரஞ்சுக்கு எங்கே போவேன்? பெட்டிக்கடையில் எலுமிச்சம்பழம் இருந்தது. தூரத்திலிருந்து பார்த்தால் தெரிய வேண்டுமே என்று ஒவ்வொரு பழத்திலும் ஒரு பக்கம் குங்குமத்தைக் குழைத்துப் பூசினேன். அறிவியல்படி சரியான யோசனை. வரிசையாக விட்டேன்.

பாறைத் திருப்பத்துக்குக் கீழே பெண்கள் குளித்துக்கொண்டிருந்தார்கள். முதல் பழம் அங்கே போய்ச் சேர்ந்ததுதான் தாமதம், எல்லோரும் ஈரத்தோடு கரையேறி நின்றுகொண்டு, எந்தச் சண்டாளி செய்வினை கழித்து விட்டாளோ என்று திட்ட ஆரம்பித்தார்கள். நான் ஓடிப் போய், பயப்படாதீர்கள், இது ஆராய்ச்சி என்றேன்.

'யாருக்கு வச்ச ஆராய்ச்சி?' என்று கேட்டாள் மாரிக்கொழுந்து. அந்த ஊருக்குப் புதிதாக மருமகளாக வந்தவள். பக்கத்தில் நின்ற அவள் மாமியார், 'வச்சவ கிட்டயே கேக்கியே, சொல்லுவாளா?' என்றார்.

விளக்கினேன். விளக்கிக்கொண்டிருக்கும்போதுதான் பார்த்தேன், பழத்துக்குப் பின்னாலேயே நுரை வருகிறது. சோப்பு நுரை. எங்கிருந்து வருகிறது என்று கேட்டேன். மேலே ஆண்கள் குளிக்கிறார்களாம். பாறைக்கு மேலே மேலத்துறை, அது ஆண்களுக்கு. பாறைக்குக் கீழே கீழத்துறை, அது பெண்களுக்கு. அவர்கள் தேய்த்த அழுக்கும், கொப்பளித்த வெற்றிலைச் சாறும், மாட்டைக் குளிப்பாட்டிய தண்ணீரும் இறங்கி வந்து இவர்கள் தலையில் விழுகிறது. யார் போட்ட ஏற்பாடு இது என்று கேட்டேன். 'அது அப்பிடித்தாம்ளா' என்றார்கள். அக்கா, 'அது அப்படித்தான்' என்று யாராவது சொன்னால் எனக்கு அன்றைக்குச் சோறு இறங்காது.

இன்னொன்றும் கவனித்தேன். காலையில் ஊர்ப் பெண்களில் பாதிப் பேர் அந்தத் துறையில் இருப்பார்கள், ஆனால் ஒரு சத்தம் இருக்காது. பெண்கள் கூடிக் குளிக்கிற இடம் எங்கேயாவது சத்தமில்லாமல் இருந்து பார்த்திருக்கிறீர்களா? துணியைக்கூடக் கல்லில் அடிக்கமாட்டார்கள், கசக்கித்தான் துவைப்பார்கள். நான் பேச வாயெடுத்தால் நாலு பக்கமிருந்தும் 'ஸ்ஸ்' என்று வரும். ஆனால் மேலே ஆண்கள் பேசுவது ஒவ்வொரு வார்த்தையாகக் கேட்கும். அங்கே மேல்காற்று ஆற்றின் போக்கிலேயே அடிக்கிறது, பாறை இடுக்கு வழியாகப் பேச்சைச் சிந்தாமல் சிதறாமல் கொண்டுவந்து கொடுத்துவிடுகிறது. காற்றின் திசையைக்கூட நான் குறித்துக்கொண்டேன். எதற்கு என்று தெரியாது, பேராசிரியர் குறிக்கச் சொல்லியிருந்தார். அவர்கள் மேலே நின்று ஊர்க்கதையெல்லாம் பேசிச் சிரிக்கிறார்கள், இவர்கள் கீழே தலையைக் குனிந்துகொண்டு, மூச்சு விடாமல் கேட்டுக்கொண்டு நிற்கிறார்கள். இதற்கு என்ன பெயர் அக்கா? அடக்குமுறை.

சொர்ணத்தக்கா இருப்பதிலேயே பயந்தவர். ஆனால் அவருக்கு ஏதோ அதிர்ஷ்டம் இருந்தது, அதைச் சொல்ல வேண்டும். ஒரு நாள் சுடலைக்கண்ணு அண்ணாச்சி குளித்துவிட்டு வந்து, துண்டைக் கொடியில் போட்டுக்கொண்டே, 'ஞாயித்துக்கெழம தங்கச்சி வாரா' என்று ஆரம்பித்தார். பெண் பார்க்கத்தான். அவர் முடிப்பதற்குள் அக்கா, 'அட, ஞாயித்துக்கெழம நானும் தங்கமாரியும் அய்யனார் கோயிலுக்குல்லா போறோம், நேர்ந்திருக்கு, பானைகூட வாங்கியாச்சு' என்றார். வாசலில் புதுப் பானை இருந்தது. அண்ணாச்சி பானையையே பார்த்துக்கொண்டு நின்றார். இன்னொரு நாள் குளித்துவிட்டு வந்து, பிள்ளையின் ஜாதகத்தை எடு என்றார். அது சற்று முன்னால்தான், ஊருக்கு வந்திருந்த தாய்மாமன் கையோடு நாகர்கோவில் போயிருந்தது. எல்லாம் தற்செயல். ஆனால் தற்செயலை நம்பி ஒரு பெண் எத்தனை நாள் இருக்க முடியும்? உரிமை வேண்டாமா?

பெண்களை மேலத்துறைக்கு மாற்றப் போகிறேன் என்று அக்காவிடம் சொன்னேன். அவர் முகம் வெளுத்துவிட்டது.

'ஏட்டி, ஒனக்குப் புண்ணியமாப் போவும். மேல போனா எங்க காதை அடைச்ச மாதிரில்லா ஆயிரும்.'

'காதுக்குள் தண்ணீர் போகாது அக்கா, அங்கே இடுப்பளவுதான். அளந்துவிட்டேன்' என்றேன்.

அக்கா என்னையே பார்த்தார். 'நீ எத்தன வருசம் படிச்ச?' என்று கேட்டார். சொன்னேன். பெருமூச்சு விட்டார். படிக்க முடியாமல் போன ஏக்கம், பாவம்.

வெள்ளிக்கிழமை அம்மன் கோயில் முன்னால் ஊர் கூடியது. நான்தான் கூட்டச் சொன்னேன். மேலத்துறைத் தண்ணீரை ஒரு பாட்டிலிலும் கீழத்துறைத் தண்ணீரை ஒரு பாட்டிலிலும் பிடித்து வைத்து, எது பெண்களுடையது என்று கேட்டேன்.  ஒருவர், ஆதியிலிருந்து அப்படித்தான் என்றார். ஆதி என்றால் எந்த ஆண்டு என்றேன். இன்னொருவர் எழுந்து, 'பொம்பளைய குளிச்ச தண்ணியில ஆம்பளைய குளிக்கவா?' என்றார். இத்தனை நாள் பெண்கள் எந்தத் தண்ணீரில் குளித்தார்கள் என்றேன். அவர் உட்கார்ந்துவிட்டார்.

கடைசியில் வெள்ளைப்பாண்டி அண்ணாச்சி பெண்கள் பக்கம் திரும்பி, 'நீங்க என்ன சொல்லுதிய? மேல போறியளா?' என்று கேட்டார். அத்தனை பெண்களும் வேண்டாம் என்று தலையை ஆட்டினார்கள். எனக்கு அது போதும். 'பார்த்தீர்களா, சரி என்று சொல்லக்கூடப் பயம். இப்படி ஒரு ஊர் இருக்கிறது என்று நான் ஆய்வில் எழுதினால் யாருக்கு அசிங்கம்?' என்றேன்.

அண்ணாச்சிக்கு ரோஷம் வந்துவிட்டது. 'எங்க ஊர்ல எந்தப் பொம்பளையையும் நாங்க அடக்கி வைக்கல. நாளையிலேருந்து மேலத்துறை அவங்களுக்கு. இதுக்கு மேல எவளும் பேசக்கூடாது' என்றார். முழு வெற்றி.

மறுநாள் காலையில் பெண்கள் மேலத்துறைக்குத் துக்க வீட்டுக்கு வருகிற மாதிரி வந்தார்கள். தண்ணீர் கண்ணாடி மாதிரி இருக்கிறது, கூழாங்கல் எண்ணலாம், அயிரை மீன் வந்து காலைக் கடிக்கிறது. ஒருத்தி முகத்திலும் சிரிப்பில்லை. 'ஒண்ணுமே கேக்க மாட்டேங்கே மைனி' என்று மாரிக்கொழுந்து அழாக்குறையாகச் சொன்னாள். ஆமாம், எவ்வளவு நிம்மதி பார் என்றேன்.

அந்த வாரத்தோடு சொர்ணத்தக்காவின் அதிர்ஷ்டமும் போய்விட்டது. எப்படிச் சொல்கிறேன் என்றால், சுடலைக்கண்ணு அண்ணாச்சியின் தங்கை பூவும் பழமுமாக வாசலில் வந்து இறங்கியேவிட்டார். அக்காவுக்கு முன்கூட்டி ஒன்றும் தெரியாது, கையில் மாவோடு நின்றார். தங்கமாரி தலையில் பூ வைத்து, திங்கட்கிழமை நிச்சயதார்த்தம் என்று பேசி முடித்துவிட்டுப் போய்விட்டார்கள். அதே திங்கட்கிழமைதான் நாகர்கோவிலில் கல்லூரி திறக்கிறது. அன்றைக்குப் போகாவிட்டால் இடம் வேறு யாருக்கோ. அந்தப் பெண் அடுப்படியில் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். சாப்பிடவில்லை. அக்கா வெகுநேரம் யோசித்து, நிச்சயத்துக்கு ஆள் வருவதற்கு முன்னால் முதல் பஸ்ஸில் அவளை அனுப்பிவிடுவது என்று முடிவு செய்தார். எனக்கும் அவளுக்கும் மட்டும் சொன்னார்.

நான் சும்மா இருப்பேனா? மறுநாள் துறையில் தங்கமாரி முகம் வாடி நின்றாள். தைரியம் சொல்ல வேண்டியது என் கடமை. 'நீ ஏன் அழுகிறாய்? நாகர்கோவிலில் உனக்கு இடம் இருக்கிறது. திங்கட்கிழமை முதல் பஸ்ஸில் உன் அம்மா உன்னை ஏற்றிவிடப் போகிறார். உன் அப்பாவுக்குத் தெரிவதற்குள் நீ போய்ச் சேர்ந்துவிடுவாய்' என்றேன். ஆற்று இரைச்சலை மீற வேண்டும் இல்லையா, கொஞ்சம் உரக்கத்தான் சொன்னேன்.

சொர்ணத்தக்கா கையிலிருந்த சோப்பு நழுவி ஆற்றோடு போயிற்று. எல்லோரும் அந்தச் சோப்பு போகிற திசையையே பார்த்தார்கள்.  பிறகு கீழேயிருந்து ஒரு குரல், காற்றுக்கு எதிரே ஏறி வந்ததால் லேசாகத்தான் கேட்டது.

'சொர்ணம். வீட்டுக்கு வா.'

தங்கமாரி என் கையை இறுக்கிப் பிடித்தாள். நகம் பதிந்துவிட்டது, இங்கே பாருங்கள்.  சொர்ணத்தக்கா நடு ஆற்றில் போய் நின்று, கீழ்த்திசையைப் பார்த்துத் திரும்பினார்.

'வாரேன் தங்கமாரி அப்பா. அதுக்கு முந்தி ஒண்ணு கேட்டுக்கிடுங்க. ஒங்க தங்கச்சி மவன் ஒரு வேலையிலயும் நிக்க மாட்டேங்கான், நம்ம பிள்ளையக் கட்டி வச்சாத் திருந்துவான்னு வெள்ளைப்பாண்டி அண்ணாச்சிட்ட சொன்னியளா இல்லையா? எம்பிள்ள என்ன மருந்தா?'



'எங்க வீட்டு ஆளு அங்க நிக்காவளா?' என்று மாரிக்கொழுந்து ஆரம்பித்தாள். 'எங்கம்ம வைக்கிற கொளம்ப நாய்கூட மோந்து பாக்காதுன்னு சொன்னியள்லா, இந்தா எங்க அத்தை பக்கத்துலதான் நிக்காவ. இப்பச் சொல்லுங்க.' அவள் மாமியார் தலையில் தேய்த்த சீயக்காயோடு அப்படியே நின்றார். பிறகு, 'அவன் வீட்டுக்கு வரட்டும்' என்றார்.

வெள்ளைப்பாண்டி அண்ணாச்சியின் மனைவி அதுவரை ஊர்த்தலைவர் வீட்டம்மா என்கிற தோரணையோடு ஓரமாகக் குளித்துக்கொண்டிருந்தார். அவரும் இறங்கிவிட்டார். 'கூட்டத்துல பேசுறதையெல்லாம் முந்தின நாளே விடிய முன்ன தனியா வந்து பாறையப் பாத்துப் பேசிப் பழகிட்டுத்தான வாறிய? சபையோரே சபையோரேன்னு எத்தன வாட்டி?' என்றார். கீழே யாரோ சிரித்தார்கள். உடனே அந்த ஆளுடைய மனைவி, 'யாரு சிரிக்கது, நம்ம வீட்டு ஆளா?' என்று முன்னால் வந்தார். சிரிப்பு நின்றுவிட்டது.

இதெல்லாம் இவர்களுக்கு எப்படித் தெரியும் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை அக்கா. கிராமத்துப் பெண்களுக்கு உள்ளுணர்வு அதிகம் என்று நினைக்கிறேன். ஆனால் அவர்களைப் பேச வைத்தது யார்? அதைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும்.

சாயங்காலம் வெள்ளைப்பாண்டி அண்ணாச்சி சொர்ணத்தக்கா வீட்டுக்கு வந்தார். சுடலைக்கண்ணு அண்ணாச்சி கட்டிலில் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

'ஒங்களுக்கெல்லாம் யாரு சொன்னா?' என்று கேட்டார் தலைவர்.

'நீங்கதான் தூக்கத்துல ஒளறுதிய' என்றார் அக்கா.

'எல்லாருமா?'

'எல்லாருந்தான். எங்களுக்குத் தூக்கமே கெடையாது.'

அவர் சுடலைக்கண்ணு அண்ணாச்சியைப் பார்த்தார். சுடலைக்கண்ணு அண்ணாச்சி வாயைத் துடைத்துக்கொண்டார். நம்பிவிட்டார்கள்.

'சரி, நடந்தது நடந்துபோச்சு. மேலேருந்து நீங்க பேசினா எங்க தலையிலல்லா வந்து விழுது. பழையபடியே வச்சுக்கிடுவோம். நாங்க மேல, நீங்க கீழ.'

'எங்களுக்கு மேலதான் நல்லாருக்கு அண்ணாச்சி. கண்ணாடி மாதிரி தண்ணி. நாளைக்கு இன்னும் ரெண்டு மூணு பேரு பேசணும்னு இருக்காவ.'

தலைவர் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். 'ஒனக்கு என்னதான் வேணும்?'

'திங்கக்கெழம எம்பிள்ள நாகர்கோயிலுக்குப் போவணும். ஒளிஞ்சு போவக்கூடாது. அவ அப்பாவே பெட்டியத் தூக்கிட்டு வந்து பஸ் ஏத்தணும்.'

இந்த இடத்தில் நான் குறுக்கிட்டேன். குறுக்கிடாமல் இருக்க முடியுமா? படிப்பு அவளுடைய உரிமை, துறை உங்களுடைய உரிமை, ஒன்றைக் கொடுத்து ஒன்றை வாங்குவது சரணாகதி என்றேன். 'தங்கமாரி, இவள உள்ள கூட்டிட்டுப் போ' என்றார் சொர்ணத்தக்கா. கதவைச் சாத்திவிட்டார்கள். நான் உள்ளேயிருந்தே வாதத்தைத் தொடர்ந்தேன். யார் கேட்டார்கள்?

'ஏ சுடல, என்ன சொல்லுத?' என்றார் தலைவர்.

'புளியங்குடிக்கு நான் என்னன்னு சொல்ல?'

'நீ சொல்லாண்டாம். நான் போயிச் சொல்லுதேன். பாறையப் பாத்துப் பழகிட்டே போறேன்.'

சுடலைக்கண்ணு அண்ணாச்சி கட்டிலிலிருந்து எழுந்த சத்தம் கேட்டது. பிறகு, 'பெட்டி கனமா இருக்குமா?' என்று கேட்டார். என் பக்கத்தில் நின்ற அந்தப் பெண் கதவில் நெற்றியைச் சாய்த்து அழுதாள்.

அவ்வளவுதான். நேற்று பழையபடி பெண்கள் கீழே, ஆண்கள் மேலே. நுரை வருகிறது, எல்லோரும் சந்தோஷமாக நிற்கிறார்கள். நான் போராடி வாங்கிக் கொடுத்ததை ஒரே வாரத்தில் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். இனி நான் அங்கே இருந்தால் மறுபடி கூட்டம் கூட்டுவேன் என்று, 'ஆத்துல மிச்சத்த அடுத்த ஊர்லேருந்து நடந்துக்கோ தாயி' என்று இந்த பஸ்ஸில் ஏற்றிவிட்டார்கள். ஊரே வந்தது. வழியனுப்ப இல்லை, நான் ஏறுகிறேனா என்று பார்க்க.

தங்கமாரியும் இதே பஸ்தான். அதோ, டிரைவருக்குப் பின்னால், மடியில் பையோடு. அவளை அங்கேயும் என்னை இங்கேயும் உட்கார வைத்தது சொர்ணத்தக்கா. நாகர்கோவில் போய்ச் சேருகிற வரைக்கும் என்னோடு பேசக்கூடாதாம்.

ஆனால் என் கோபம் அதில்லை. பஸ் நிறுத்தத்தில் சுடலைக்கண்ணு அண்ணாச்சி பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு, டீக்கடையில் இருந்தவர்கள் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி என்ன சொன்னார் தெரியுமா? 'பொட்டப்பிள்ளையப் படிக்க வைக்கணும்னு நான் அப்பவே முடிவு பண்ணிட்டேன். ஆம்பளைன்னா முன்யோசனை வேணும்லா.' பக்கத்தில் சொர்ணத்தக்கா தலையைக் குனிந்துகொண்டு, 'ஆமா, எல்லாம் அவுக முடிவுதான்' என்கிறார். என்னால் பொறுக்க முடியவில்லை. 'அண்ணாச்சி, இது தவறான தகவல்' என்று ஆரம்பித்தேன். ஆரம்பிக்கத்தான் முடிந்தது. அக்கா என்னைப் படியில் தள்ளி, பஸ்ஸை ரெண்டு தட்டுத் தட்டி, 'போலாம் ரைட்' என்றுவிட்டார். கண்டக்டர்கூட விசிலை எடுக்கவில்லை.

நீங்களே சொல்லுங்கள் அக்கா, அது அவர் முடிவா? ஊரைக் கூட்டியது யார், துறையை மாற்றியது யார், நடு ஆற்றில் உண்மையை உடைத்துச் சொன்னது யார்? அந்தப் பெண் படிக்க வேண்டும் என்று நான் வந்த அன்றைக்கே முடிவு பண்ணிவிட்டேன். ஆராய்ச்சி செய்கிறவள் என்றால் முன்யோசனை வேண்டும் இல்லையா?